மழை பெய்யாத மலைநாட்டில் எட்டு நாட்கள்

“லடாக்கா? அங்கே என்ன இருக்கு? வெறும் கல்லும் மண்ணும்தானே! கொடைக்கானலுக்குப் போனாலாவது குழந்தை நாலு பூவைப் பார்க்கும்” என்றார் என் மாமியார். இவருக்கோ கல்லூரி நாளிலிருந்தே அந்த ஆசை. கடைசியில் இவர் கட்சிதான் ஜெயித்தது. மே மாதக் கடைசியில், எட்டு வயது மகளையும் அழைத்துக்கொண்டு டில்லியிலிருந்து லே நகரத்துக்கு விமானம் ஏறினோம்.

ஒன்றேகால் மணி நேரப் பயணம்தான். பனி மூடிய இமயமலைத் தொடர் ஜன்னலுக்குக் கீழே நகர்ந்தது. அதைத் தாண்டியதும் பச்சை என்பதே மருந்துக்கும் இல்லை. தவிட்டு நிறத்தில் ஒரு மலை, துருப்பிடித்த இரும்பு நிறத்தில் ஒன்று, கத்தரிக்காய் ஊதாவில் இன்னொன்று. மாமியார் சொன்னது சரிதானோ என்று எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

கடலிலிருந்து வரும் மழை மேகங்களை எல்லாம் இமயமலை தெற்குப் பக்கத்திலேயே நிறுத்திவிடுகிறது. மலைக்குப் பின்னால் இருக்கும் லடாக்குக்கு மிஞ்சுவது சொற்பம்தான். லே நகரத்தில் வருஷம் முழுக்கப் பெய்வது சுமார் 10 சென்டிமீட்டர். நம் சென்னையில் 140 சென்டிமீட்டர் பெய்தும் நாம் குடத்தோடு நிற்கிறோம்! பாலைவனம் என்றால் சூடு என்று நினைப்போம். இதுவோ குளிர்ப் பாலைவனம். குளிர்காலத்தில் பூஜ்யத்துக்குக் கீழே 20 டிகிரிக்கும் போகும்.

நாங்கள் தங்கியது நகரத்தின் ஓரத்தில் ஒரு குடும்பத்தாரின் வீட்டில். வீட்டு அம்மாளை எல்லோரும் “ஆமாலே” என்று கூப்பிட்டார்கள். ‘ஆமா’ என்றால் அம்மா. ‘லே’ மரியாதைக்குச் சேர்ப்பது. அறுபது வயதிருக்கும். “ஜுலே!” என்று வரவேற்று, இந்தியில் முதலில் சொன்ன வார்த்தை: “ரெண்டு நாள் எங்கேயும் போகக்கூடாது. படுங்க.”

நான் கேட்டேனா? வந்த அன்றே சாயங்காலம், “கடைத்தெருவை மட்டும் ஒரு நடை பார்த்துவிட்டு வரலாமே” என்று கிளம்பினேன். குழந்தை துள்ளிக்கொண்டு முன்னால் ஓடினாள். ராத்திரி பத்து மணிக்குத் தலைவலி என்றாள். பதினொன்றுக்கு வாந்தி. நடுராத்திரிக்குள் மூன்று தடவை எடுத்துவிட்டுத் துவண்டு கிடந்தாள். எனக்குக் கை கால் ஓடவில்லை.

சத்தம் கேட்டு எழுந்து வந்த ஆமாலே குழந்தையின் உதட்டையும் நகத்தையும் விளக்கில் பார்த்தார். மகனை எழுப்பி வண்டியை எடுக்கச் சொன்னார். ஆஸ்பத்திரியில் ஆக்ஸிஜன் வைத்தார்கள். ஒரு மணி நேரத்தில் குழந்தை கண்ணைத் திறந்து, “அம்மா, தண்ணி” என்றாள். அப்போதுதான் எனக்கு உயிர் வந்தது.

டாக்டர் பொறுமையாக விளக்கினார். லே இருப்பது 3,500 மீட்டர் உயரத்தில். ஊட்டியைப் போல ஒன்றரை மடங்குக்கும் மேல். ஒரு மூச்சில் நமக்குக் கிடைக்கும் ஆக்ஸிஜன், கடலோரத்தில் கிடைப்பதில் சுமார் மூன்றில் இரண்டு பங்குதான். உடம்பு அதற்குப் பழக ஒன்றிரண்டு நாளாவது வேண்டும். அதற்குள் ஓடினால், நடந்தால், தலைவலி, வாந்தி, தூக்கமின்மை வரும். உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்கினால், இருமல் அதிகமானால், நடை தள்ளாடினால், பேச்சுக் குழறினால் ஒரு நிமிஷமும் தாமதிக்காமல் கீழே இறக்கிக் கொண்டுபோக வேண்டும், உயிருக்கே ஆபத்து. “பெரியவங்க வாயால சொல்லுவாங்க. கைக்குழந்தை அழத்தானே செய்யும்? அம்மாதான் கவனிக்கணும்” என்றார் அவர். என் தலை தானாகக் குனிந்தது.

அடுத்த இரண்டு நாளும் ஆமாலேயின் சமையலறையிலேயே கழிந்தன. லடாக் வீடுகளில் அதுதான் பெரிய அறை. நடுவில் அடுப்பு, சுவர் முழுக்க அலமாரி, அதில் பித்தளைப் பாத்திரமும் செப்புப் பாத்திரமும் பளபளவென்று கண்ணைப் பறிக்கின்றன. குளிர்காலம் முழுவதும் குடும்பமே அங்கேதான் இருக்குமாம். வெயிலில் காய வைத்த பச்சை மண் கல்லால் கட்டிய வீடு. கூரைக்கு பாப்லர் மரக்கட்டைகள், மேலே வில்லோ மரக்குச்சிகள், அதற்கும் மேலே மண்.

இந்த உயரத்தில் தண்ணீர் சுமார் 88 டிகிரியிலேயே கொதித்துவிடுகிறது. கொதிக்கும், ஆனால் பருப்பு வேகாது! குக்கர் இல்லாமல் நம் சமையல் நடக்காது. அவர்களோ பழங்காலத்திலிருந்தே பார்லியை வறுத்து, தண்ணீரில் ஓடும் கல் இயந்திரத்தில் அரைத்து வைத்துக்கொள்கிறார்கள். அந்த மாவில் உப்பும் வெண்ணெயும் போட்ட தேநீரை ஊற்றிப் பிசைந்தால் சாப்பாடு தயார். நம் சத்துமாவுக்கு ஒன்றுவிட்ட சகோதரி!

ஒரு விஷயம் எனக்குப் புரியவில்லை. மழை இல்லாத ஊரில் இந்தப் பார்லி எப்படி விளைகிறது? ஆமாலே ஜன்னல் வழியாக மேலே கையைக் காட்டினார். பனிமலை உருகி ஓடையாக இறங்குகிறது. ஓடை எட்டும் இடம் வரை வயல், மரம், வீடு. அதற்கு ஒரு முழம் தள்ளினால் வெறும் கல். யார் வயலுக்கு எந்த நேரம் தண்ணீர் என்று முறை வைக்க ‘சுர்பொன்’ என்று ஒருவரை ஊரே நியமிக்கிறது. அவர் சொல்லுக்கு எல்லோரும் கட்டுப்படுவார்கள்.

கழிப்பறையும் மாடியில் ஒரு குழிதான். தண்ணீர் கிடையாது. மண்ணும் சாம்பலும் போட்டு மூடினால், கீழே மட்கி வயலுக்கு உரமாகிறது. முதலில் முகம் சுளித்தேன். துர்நாற்றம் துளியும் இல்லை. “இப்ப ஹோட்டல் எல்லாத்திலும் தண்ணி கக்கூஸ். பூமியைத் தோண்டி எடுக்கறாங்க. எங்க சின்ன வயசிலே பனி முழங்கால் மட்டும் கிடக்கும். இப்ப அது எங்கே?” என்றார் ஆமாலே.

கஷ்டம் விதைப்பு மாதத்தில்தானாம். ஏப்ரல், மே மாதங்களில் வயலுக்குத் தண்ணீர் வேண்டும். உயரத்திலுள்ள பனியாறுகள் அப்போது இன்னும் சரியாக உருகுவதில்லை. இதற்கு வழி கண்டவர் செவாங் நோர்பெல் என்ற பொறியாளர். குளிர்காலத்தில் வீணாக ஓடும் தண்ணீரைக் கிராமத்துக்கு அருகிலேயே சின்னச் சின்ன அணைகளில் தேக்கி உறைய வைத்தார். தாழ்ந்த இடமானதால் அது முன்னதாகவே உருகிப் பயிரைக் காக்கிறது. 2015-ல் பத்மஸ்ரீ பெற்றவர். அவருக்குப் பின் சோனம் வாங்சுக் குழாயில் தண்ணீரைப் பீய்ச்சி, கோபுரம் போல் உறைய வைக்கும் ‘பனி ஸ்தூபி’யைக் கொண்டுவந்தார். கூம்பு வடிவத்தில் வெயில் படும் பரப்பு குறைவு. ஆகவே மெதுவாக உருகும்.

நாலாம் நாள்தான் வெளியே கிளம்பினோம். நிம்மு என்ற இடத்தில் சன்ஸ்கார் ஆறு சிந்து நதியோடு சேர்கிறது. இரண்டு நிறத் தண்ணீர் பக்கம் பக்கமாக ஓடிப் பிறகு கலக்கிறது. சுமார் 5 கோடி வருஷங்களுக்கு முன் நம் இந்திய நிலப்பகுதி வடக்கே நகர்ந்து ஆசியாவோடு மோதியது. நடுவில் இருந்த டெதிஸ் கடல் மறைந்து, அதன் அடிமண் மலையாக எழுந்தது. அதனால்தான் இமயமலையின் உயரத்திலும் கடல் உயிர்களின் சுவடு பதிந்த கல் கிடைக்கிறது. “அம்மா, அப்போ நாம கடலுக்குள்ளேயா நிக்கிறோம்?” என்று கேட்டாள் மகள்.

சிந்து நதியோரப் பாறைகளில் ஆதிகால மனிதர்கள் கொத்திய காட்டாட்டு உருவங்கள் இருக்கின்றன. ஆல்ச்சி மடத்துச் சுவரோவியங்கள் எண்ணூறு வருஷத்துக்கும் மேற்பட்டவை. லே நகரத்து ஒன்பது மாடி அரண்மனை, 17-ம் நூற்றாண்டில் செங்கே நம்கியால் ராஜா காலத்தது. காரகோரம் கணவாயைத் தாண்டி யார்க்கண்டிலிருந்து வந்த வியாபாரிகள் இந்த ஊர்க் கடைத்தெருவில்தான் பட்டும் கம்பளியும் விற்றார்கள். 1834-ல் ஜோராவர் சிங் படையெடுத்து வந்தார். சுதந்திர ராஜ்யம் முடிந்தது. 1974-ல் சுற்றுலாப் பயணிகளுக்குக் கதவு திறந்தது. 2019-ல் தனி யூனியன் பிரதேசமானது. லே பக்கம் பௌத்தர்கள், கார்கில் பக்கம் முஸ்லிம்கள் அதிகம்.

கிழக்கே சாங்தாங் பீடபூமியில் சாங்பா இடையர்கள் வளர்க்கும் ஆடுகளின் அடிமயிர்தான் பஷ்மினா. அந்தக் கடுங்குளிர்தான் அதற்கு அந்த மென்மையைக் கொடுக்கிறது.

மழையே இல்லாத ஊருக்கு மழையே எமனாகவும் வந்திருக்கிறது. 2010 ஆகஸ்ட் 5-ம் தேதி நள்ளிரவு மேகம் வெடித்துக் கொட்டியதில் 200-க்கும் மேற்பட்டவர்கள் மாண்டார்கள். மரம் செடி இல்லாத மலை மண்ணை எது பிடித்து நிறுத்தும்? ஆமாலே அதைப் பற்றி அதிகம் பேசவில்லை. “என் தங்கச்சி வீடு” என்று சொல்லி நிறுத்திக்கொண்டார். நானும் கேட்கவில்லை.

போக நினைக்கும் சகோதரிகளுக்குச் சில வார்த்தைகள். விமானத்தில் போனால் முதல் இரண்டு நாள் முழு ஓய்வு கட்டாயம். தண்ணீர் நிறையக் குடியுங்கள். குழந்தைக்குச் சளி, இருமல் இருந்தால் பயணத்தைத் தள்ளிப் போடுங்கள். கைக்குழந்தை இருந்தாலும், கர்ப்பமாக இருந்தாலும் டாக்டரைக் கேட்காமல் கிளம்ப வேண்டாம். மாத்திரையும் அப்படியே. அங்கே போய் ஒரு வாளித் தண்ணீருக்கு மேல் கேட்காதீர்கள்.

கிளம்பும்போது ஆமாலே ஒரு பொட்டலம் கொடுத்தார். அவர் வீட்டு மரத்து ஆப்ரிகாட் பழங்கள். கூரையில் காய வைத்தவை. ஊருக்கு வந்ததும் மாமியாரிடம் கொடுத்தேன். ஒன்றை வாயில் போட்டுக்கொண்டவர், இன்னொன்றுக்குக் கை நீட்டினார். “கல்லும் மண்ணும்னு சொன்னேனே, அங்கேயா இது காய்ச்சுது?” என்றார்.

“ஆமாம் அம்மா, அளந்து விட்ட தண்ணியிலே” என்றேன். அன்றைக்குப் பாத்திரம் தேய்க்கும்போது, குழாயை நடுவில் மூடிவிட்டு வந்தது என் மகள்தான்.