த்வெர்ஸ்காயா வீதியில் ஒரு கத்தரிக்கோல்

மாஸ்கோ நகருக்குப் போகிறவர்கள் கிரெம்ளின் கோட்டையையும் செஞ்சதுக்கத்தையும் பார்க்காமல் திரும்புவதில்லை. ஆனால் கோட்டையை நோக்கி வரும் த்வெர்ஸ்காயா என்ற பெரிய வீதியில், கால் மணி நேரம் சாவகாசமாக நடக்க எத்தனை பேருக்குப் பொறுமை இருக்கிறது? சினிமாவில் பிரியமுள்ளவர்கள் அந்த நடையைத் தவறவிடக் கூடாது. நாடக மேடைக்கும் சினிமா எடிட்டரின் மேஜைக்கும் எவ்வளவு தூரம் என்று அங்கே காலாலேயே அளந்துவிடலாம்.

அந்தத் தூரத்தைக் கடந்தவர் ஒரு பெண்மணி. பெயர் எஸ்பிர் ஷுப். 1894-ல் சுராஷ் என்ற சிற்றூரில் பிறந்து, படிப்பதற்காக மாஸ்கோ வந்து, புரட்சிக்குப் பிறகு அரசாங்கக் கல்வி இலாகாவின் நாடகப் பிரிவில் உத்தியோகத்தில் அமர்ந்தார். அப்பிரிவின் தலைவராக 1920-ல் வந்தவர் மெயர்ஹோல்ட். ருஷ்ய நாடக உலகையே ஆட்டி வைத்த மேதை. ஷுப் அவருக்குக் காரியதரிசியானார்.

மாயகோவ்ஸ்கயா பாதாள ரயில் நிலையத்திலிருந்து புறப்படுவோம். 1938-ல் திறக்கப்பட்ட இந்த நிலையத்தின் கூரையில் வண்ணக் கற்களால் பதித்த சித்திரங்கள் இருக்கின்றன. கழுத்து வலிக்கும் வரை அண்ணாந்து பார்க்கலாம். மேலே ஏறி வந்தால் ஒரு சதுக்கம். நடுவே கவிஞர் மாயகோவ்ஸ்கியின் சிலை, 1958-ல் வைத்தது. பக்கத்தில் தூண்களுடன் நிற்பது சைகோவ்ஸ்கி சங்கீத மண்டபம். கச்சேரி கேட்க வருகிறவர்களில் எத்தனை பேருக்குத் தெரியுமோ, மெயர்ஹோல்டின் நாடக சாலை இருந்த இடம் இதுதான்! அவருக்காகக் கட்டத் தொடங்கிய புதுக் கட்டடம் முடிவதற்குள், 1938-ல், அவருடைய நாடக சாலையை மூடினார்கள். மறு வருஷம் அவரையே கைது செய்தார்கள். 1940 பிப்ரவரியில் சுட்டுக் கொன்றார்கள். அதே வருஷம் கட்டடம் சங்கீத மண்டபமாகத் திறக்கப்பட்டது.

மெயர்ஹோல்ட் அப்படி என்ன செய்தார் என்று கேட்கிறீர்களா? திரையை எடுத்தார். ஓவியம் தீட்டிய சீலைகளை எடுத்தார். 1924-ல் ஆஸ்திரோவ்ஸ்கியின் 'காடு' என்ற பழைய நாடகத்தை மேடையேற்றியபோது, அதிலிருந்த ஐந்து அங்கங்களையும் 33 துண்டுகளாக நறுக்கி, முன்பின்னாக அடுக்கிக் காட்டினார். வசனம் பழையது, வரிசை புதியது, அர்த்தமும் புதியதாகிவிட்டது. சினிமா எடிட்டர் கத்தரியால் செய்கிற வேலையை இவர் மேடையிலேயே செய்துவிட்டார்!

சிலையைத் தாண்டி கிரெம்ளின் பக்கமாக நடப்போம். இடது கையில் புஷ்கின் சதுக்கம். அதைக் கடந்ததும் வலது பக்கம் மாலி க்னெஸ்த்னிகோவ்ஸ்கி என்று வாயில் நுழையாத பெயருடன் ஒரு சந்து. 'மாலி' என்றால் சின்னது என்று பொருள். பெயர்தான் சின்னது, ருஷ்ய சினிமாவின் பெரிய காரியங்களெல்லாம் இங்கேதான் தீர்மானமாயின. ஏழாம் எண் கட்டடத்தில் அரசாங்கத்தின் சினிமா இலாகா இருந்தது. இன்று கலாசார அமைச்சகம் இருக்கிறது.

1922-ல் ஷுப் நாடகத்தை விட்டு சினிமா இலாகாவுக்கு வந்தார். கிடைத்த வேலை கௌரவமானதல்ல. வெளிநாட்டிலிருந்து வரும் படங்களைப் புது அரசாங்கத்துக்கு ஏற்றபடி வெட்டி, ஒட்டி, புது எழுத்துகள் போட வேண்டும். தணிக்கையும் தையல் வேலையும் சேர்ந்த மாதிரி! சாப்ளினின் 'கார்மன்' அவர் கையில் புது உருவம் பெற்றது. ஜெர்மானியர் பிரிட்ஸ் லாங் இரண்டு பாகங்களாக எடுத்த 'டாக்டர் மபூஸே' என்ற நீண்ட படத்தை 1924-ல் ஒரே படமாகச் சுருக்கினார். அப்போது பக்கத்தில் உட்கார்ந்து வேலை பழகியவர் ஓர் இளம் நாடக டைரக்டர், மெயர்ஹோல்டின் மாணவர். அவர்தான் ஐசன்ஸ்டைன். மறு வருஷமே 'போர்க்கப்பல் பொடெம்கின்' எடுத்து உலகத்தைத் திடுக்கிட வைத்தார். அவர் பெயர் தெரிந்த அளவுக்கு, கத்தரியைக் கையில் கொடுத்தவரின் பெயர் தெரியவில்லை.

ஷுப்பின் பெரிய காரியம் 1926-ல் தொடங்கியது. புரட்சிக்கு முன் எடுத்த செய்திப் படச் சுருள்களை மட்டுமே கொண்டு ஒரு முழுப் படம் செய்ய வேண்டும் என்று எண்ணினார். லெனின்கிராட் என்று அப்போது வழங்கிய பீட்டர்ஸ்பர்க் நகருக்குப் போனார். சுருள்கள் ஈரம் கசியும் நிலவறையில் கிடந்தன. டப்பாக்கள் துருப்பிடித்திருந்தன, பிலிமிலிருந்து படமே உரிந்து வந்தது. இரண்டே மாதத்தில் 60,000 மீட்டர் பிலிமைப் பார்த்தார். அறுபது கிலோமீட்டர் என்று சொன்னால்தான் அதன் நீளம் மனத்தில் பதியும். அதில் 5,200 மீட்டரைப் பொறுக்கி எடுத்து மாஸ்கோவுக்குக் கொண்டு வந்தார். ஜார் சக்கரவர்த்தி தம் குடும்பத்தின் சந்தோஷத்துக்காக எடுத்து வைத்த படங்களும் அவருக்குக் கிடைத்தன.

1927-ல் 'ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி' வெளிவந்தது. அதில் ஒரு காட்சி. கப்பல் தளத்தில் பிரபுக்களும் சீமாட்டிகளும் நடனமாடுகிறார்கள். ஆடிய களைப்பில் வியர்வையைத் துடைத்துக்கொள்கிறார்கள். அடுத்த துண்டில் குடியானவர்கள் மண் வெட்டுகிறார்கள், அவர்களுக்கும் வியர்க்கிறது. இரண்டையும் எடுத்தவர்கள் ஒருவரையொருவர் நினைத்து எடுக்கவில்லை. நடுவே ஓர் ஒட்டு, அவ்வளவுதான். நடனப் படம் குற்றப் பத்திரிகையாகிவிட்டது!

ஐசன்ஸ்டைனைப் போல ஷுப் மின்னல் வேகத்தில் வெட்டவில்லை. முகங்களையும் உடைகளையும் ஜனங்கள் நின்று பார்க்கட்டும் என்று துண்டுகளை நீளமாகவே விட்டார். ஆனால் ஒன்றை மறக்கக் கூடாது. எந்தத் துண்டு எதன் பக்கத்தில் நிற்க வேண்டும் என்று தீர்மானிப்பவர், நாம் என்ன நினைக்க வேண்டும் என்பதையும் பாதி தீர்மானித்துவிடுகிறார். அந்தப் பலம் உண்மைக்கும் உதவும், பிரசாரத்துக்கும் உதவும். ஷுப்பின் படம் இரண்டிலும் சேர்ந்தது.

படம் வெற்றி பெற்ற பிறகுதான் வழக்கு வந்தது. "நீங்கள் புதிதாக ஓர் அடிகூட எடுக்கவில்லையே! யாரோ எடுத்ததை ஒட்டியவர் எப்படி ஆசிரியராவார்?" என்ற தோரணையில், ஆசிரியர் உரிமையைத் தர சினிமா இலாகா மறுத்தது. பழைய செங்கற்களால் வீடு கட்டினால் கொத்தனாருக்குக் கூலி கிடையாது என்பது போல! இந்த அநியாயத்தை 1927-ல் பகிரங்கமாகக் கண்டித்தவர் யார் தெரியுமா? சற்று முன்பு சதுக்கத்தில் சிலையாகப் பார்த்தோமே, அந்த மாயகோவ்ஸ்கிதான்.

ஷுப் மேலும் பல படங்கள் செய்தார். தம் அநுபவங்களைப் புத்தகமாக எழுதினார். அது 1959-ல் வெளியாயிற்று. அதே வருஷம் மாஸ்கோவில் காலமானார்.

நேரம் இருப்பவர்கள் மாஸ்கோவை அடுத்துள்ள க்ராஸ்னோகோர்ஸ்க் என்ற ஊரையும் குறித்துக்கொள்ளலாம். 1926-ல் தொடங்கிய செய்திப் படக் காப்பகம் அங்கேதான் இருக்கிறது. ஷுப் நிலவறையில் தேடியது போன்ற சுருள்களை இப்போது பக்குவமாகப் பாதுகாக்கிறார்கள்.

படத்தில் ஜார் நிக்கலஸ் வருகிறார், மிடுக்காக நடக்கிறார், குடும்பத்தாரும் உடன் வருகிறார்கள். காமிராக்காரர் அவருடைய சொந்த ஆள். பிலிமும் அவர் பணத்தில் வாங்கியது. எல்லாம் தம் கையில் என்றுதான் அவர் நினைத்திருப்பார். கத்தரிக்கோல் யார் கையில் இருக்கப் போகிறது என்பது மட்டும் அவருக்குத் தெரியாது.