மணப்பாட்டில் என் பெயர்

சென்ற ஆவணி மாதத்தில் இளந்தம்பதியர் இருவர் தங்கள் தலைக்குழந்தையுடன் பங்கு இல்லத்திற்கு வந்தனர். திருமுழுக்குக்கு நாள் குறிக்க வேண்டும் என்றனர். பெயரை வினவினேன். கைபேசியில் தேடிக் கண்டெடுத்த ஈரெழுத்துப் பெயர் ஒன்றைத் தகப்பன் கூறினான். அஃது எம்மொழிப் பெயர் என்பதை அவன் அறியான், பொருளும் அறியான். "பொருள் தெரியாத பெயரைப் பிள்ளையின் தலையில் சுமத்தலாமா?" என்று சற்றுக் கடுமையாகவே கேட்டுவிட்டேன்.

அவன் பணிவுடன்தான் கேட்டான்: "உங்க பேருக்கு என்ன அர்த்தம் சாமி?"

என் பெயர் சவரிமுத்து. புனித சவேரியாரின் பெயர் என்றேன். "சவேரியார்னா என்ன சாமி?" என்றான். குருமடத்தில் இலத்தீனும் கிரேக்கமும் ஓரளவு கற்ற எனக்கு விடை தெரியவில்லை. அடுத்த ஞாயிறு வாருங்கள் என்று அனுப்பிவிட்டேன். அந்தத் தாயின் முகம் வாடியிருந்தது, அவர்கள் வாசலைக் கடந்த பின்னரே என் நெஞ்சில் உறைத்தது.

அவ்வாரமே மணப்பாட்டிற்குப் புறப்பட்டேன். திருச்செந்தூரில் பேருந்து மாறித் தெற்கே செல்ல வேண்டும். இருமருங்கும் பனைகள், பின்னர்த் தேரி மணல், அதன்பின் திடீரெனக் கடல். ஊரின் தென்கோடியில் கடலுக்குள் நீண்டு நிற்கும் குன்றின்மேல் திருச்சிலுவை ஆலயம் இருக்கிறது. செப்டம்பர் 14ஆம் நாள் திருவிழாவுக்காகப் பந்தற்கால்கள் நட்டுக்கொண்டிருந்தனர். குன்றின் அடியில், அலையோசை எட்டும் தொலைவில், சவேரியார் தங்கிச் செபித்த குகை உள்ளது. உள்ளே நின்றபோது வெயிலின் வெம்மை அறவே தணிந்திருந்தது.

1542ஆம் ஆண்டு இக்கரையில் கால்வைத்த அம்மனிதருக்குத் தமிழ் தெரியாது. மன்றாட்டுகளைப் பிறரைக்கொண்டு மொழிபெயர்ப்பித்து மனனம் செய்துகொண்டார். திருவிதாங்கூர்க் கரையில் ஒரே மாதத்தில் பதினாயிரம் பேருக்கும் மேலாகத் திருமுழுக்கு அளித்ததாக 1545இல் கொச்சியிலிருந்து எழுதிய மடலில் குறிப்பிடுகிறார். ஒவ்வொருவருக்கும் அவரவர் புதுப்பெயரை எழுதியே கொடுத்தாராம். அந்தச் சீட்டைக் கையில் வாங்கிய வலைஞர் அதை எவ்வாறு உச்சரித்திருப்பார்? எழுதியவருக்கு அவர் மொழி தெரியாது; வாங்கியவருக்கு எழுத்தே தெரிந்திராது. ஆயினும் அப்பெயர்கள் நிலைத்தன. போர்த்துக்கீசியர் தம் வாயால் கூறிய சோசப்பின் பெயர் நம் நாவில் 'சூசை' ஆயிற்று. சவேரியார் 'சவரி' ஆனார்.

இனி, அந்தச் சவரிக்கு வருவோம். சவேர் என்பது ஆட்பெயரே அன்று. எசுப்பானியத்தின் வடக்கே நவார் நாட்டில் அவர் 1506இல் பிறந்த கோட்டையின் பெயர் அது. அந்நாட்டுப் பாசுக்கு மொழியில் 'எச்சே' என்றால் வீடு. 'பெரி' என்றால் புதியது. புது வீடு! அவ்வளவே பொருள். யாரோ ஒரு முன்னோர் கட்டிய புது வீட்டின் பெயர், கடல் கடந்து வந்து, நம் கடலின் முத்தோடு சேர்ந்து, என் தலையில் அமர்ந்திருக்கிறது. குகைவாயிலில் நின்று தனியே சிரித்துக்கொண்டேன்.

மணப்பாடு முதல் தூத்துக்குடி வரை நடந்து பாருங்கள். வீட்டு வாசல்களில் எத்தனை அயல்நாட்டுப் பெயர்கள்! மச்சாது என்றால் போர்த்துக்கீசிய மொழியில் கோடரி. கோஸ்தா என்றால் கடற்கரை. இக்கரையில் அதைவிடப் பொருந்திய பெயர் வேறில்லை. ரொட்ரிகோ இன்னும் பழையது. எசுப்பானியத்தை 711 வரை ஆண்ட கோத்தர் என்னும் செருமானிய இனத்தாரின் பெயர் அது. புகழும் ஆட்சியும் அதில் அடங்கும். பர்னாந்தும் அவர்கள் பெயரே. அதன் பின்பாதி துணிவைக் குறிக்கும். முன்பாதியைப் பயணம் என்பார் சிலர், அமைதி என்பார் சிலர். கட்டுமரத்தில் ஏறுகிறவனுக்கு இரண்டும் வேண்டியவைதாம்.

உள்நாட்டில் வழக்கம் வேறு. அங்கே பெயரின் ஒலியைவிடப் பொருளையே பெரிதும் தமிழாக்கினர். பவுல் என்றால் இலத்தீனில் சிறியவர், ஆகவே சின்னப்பர். யோவான் என்றால் எபிரேயத்தில் ஆண்டவர் அருள்கூர்ந்தார் என்பது, ஆகவே அருளப்பர். 1693இல் ஓரியூரில் உயிர்துறந்த யோவான் தெ பிரித்தோவும் அருளானந்தர் ஆனது அவ்வழியே. என்னைக் கேட்டால் இவ்வழக்கமே மேலானது என்பேன். கடற்கரை அன்பர்கள் பொறுத்தருள்க.

திரும்பும் வழியில் வடக்கன்குளத்தில் இறங்கினேன். நட்டாலத்தில் பிறந்த நீலகண்டன் 1745இல் திருமுழுக்குப் பெற்ற ஊர் அது. அவருக்கு இடப்பட்ட பெயர் இலாசர். 'இறைவன் துணை நின்றார்' என்னும் எபிரேயப் பெயரின் வடிவம். அதைத் தமிழில் சொன்னால் தேவசகாயம். ஏழாண்டு கழித்து ஆரல்வாய்மொழிக் காட்டாடிமலையில் சுட்டுக் கொல்லப்படும்வரை அவர் அப்பெயரைக் கைவிடவில்லை. 2022 மே 15ஆம் நாள் உரோமையில் அவர் புனிதராக அறிவிக்கப்பட்டபோது, அவர் பெயரோடு ஒட்டிவந்த சாதிப்பெயர் விடப்பட்டிருந்தது. திருமுழுக்கில் பெற்ற பெயருக்கு அதன் முழு உரிமையும் கிடைக்க 277 ஆண்டுகள் ஆயின.

இல்லம் திரும்பியதும் திருச்சட்டத் தொகுப்பை எடுத்துப் பார்த்தேன். 1917ஆம் ஆண்டுச் சட்டம், கிறிஸ்தவப் பெயர் இடுமாறு பெற்றோரை இணங்கச் செய்ய இயலாவிடில், குருவே ஒரு புனிதரின் பெயரைச் சேர்த்து இரண்டையும் பதிவேட்டில் எழுத வேண்டும் என்றது. 1983ஆம் ஆண்டுச் சட்டம் (பிரிவு 855) கிறிஸ்தவ உணர்வுக்கு ஒவ்வாத பெயரைத் தவிர்க்குமாறு மட்டுமே கேட்கிறது. அந்த ஈரெழுத்தில் ஒவ்வாதது எதுவும் இல்லை. மூத்த குருக்களிடம் கண்ட வழக்கத்தையே சட்டம் என எண்ணி, இத்தனை ஆண்டுகள் எத்தனை தாய்மாரைத் திருப்பி அனுப்பியிருப்பேனோ!

ஞாயிறன்று அவர்கள் வந்தனர். கூடவே தந்தையைப் பெற்ற பாட்டியும் வந்திருந்தார். "வேற பேரு பாத்துட்டு வந்திருக்கோம் சாமி" என்றான் அவன். "அந்தப் பெயரே இருக்கட்டும், தம்பி" என்றேன். மகளை மடியில் வைத்திருந்த தாய் அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தாள். பிறகு மெதுவாக, "கூட அத்தை பேரையும் எழுதலாமா சாமி?" என்றாள்.

பாட்டியின் பெயர் சூசையம்மாள். இரண்டையும் எழுதினேன். பேனாவில் மை தீர்ந்து நடுவில் நின்றுவிட்டது. பாட்டியின் பேரனோ பேத்தியோ யாரோ ஓடிப்போய் வேறொன்று கொண்டுவந்தார்கள்.