கோயில் இல்லாத சக்கரம்

ரொபேர்ட் ஜோர்டனின் ‘த வீல் ஒவ் டைம்’ நாவல்களில் காலம் ஒரு சக்கரம். ஏழு ஆரம், ஏழு யுகம். அது சுற்றச் சுற்ற மனிசரின்ர வாழ்க்கைகளை நூலாக எடுத்து நெய்துகொண்டே போகும். அந்த உலகத்தில் கிட்டத்தட்ட எல்லாரும் இதை நம்புகினம். ஆனால் 14 தொகுதிகளிலும் தேடினாலும் சக்கரத்துக்கென்று ஒரு கோயில் இல்லை, பூசாரி இல்லை. கும்பிட்டாலும் அதுக்குக் கேட்காதாக்கும்.

வாசிக்கேக்க எங்கட வீட்டுப் பெரியாக்களின்ர குரல்தான் காதில விழும்: எல்லாம் எழுதினபடிதான் நடக்கும். செத்தவீட்டில் அது ஒரு ஆறுதல். காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளையின்ர படத்தோட வருசக்கணக்காகத் தெருவோரம் இருக்கிற அம்மாக்களிட்ட அதைச் சொல்ல ஏலுமோ?

ஜோர்டன் வியட்நாம் போரில் சண்டை பிடிச்சவர். அவற்ற கதையில் ஒரு நெருப்பு வருது. அது பட்டால் ஆள் சாகிறது மட்டுமில்லை, அவரின் நூல் பின்னோக்கியும் எரியும். கடைசியாக அவர் செய்தவைகூட நடக்காதவையாகிவிடும். முன்னைய பெரும்போரில் முழு நகரங்களையே அப்படி எரித்தார்கள். நெய்த துணியே பிரியத் தொடங்க, ஒப்பந்தம் ஒண்டும் எழுதாமலே இரண்டு பக்கமும் அதைக் கைவிட்டன. எதிரியின்ர நூலெண்டாலும் உருவினால் தங்கட துணியும் போகும் எண்டு அவைக்கு விளங்கிட்டுது.

விதியை நம்புற ஒரு கதைக்குள்ள இப்படியொரு இடம் இருக்குமெண்டு நாங்கள் நினைக்கேல்லை. 2021இல் வந்த தொலைக்காட்சித் தொடர் மூன்று பருவத்தோட நிண்டுபோச்சு. புத்தகத்தைத் தேடி எடுங்கோ.