கெட்டிலின் அடி

எஸ்பிரசோ இயந்திரம் வாங்கியவர்கள் முதல் மூன்று மாதம் கோப்பியைப் பற்றிப் பேசுவார்கள். அதற்குப் பிறகும் பேசிக்கொண்டிருந்தால் அது அழுக்கைப் பற்றியதாகத்தான் இருக்கும். எந்தத் தூள் போட்டுக் கழுவுகிறாய், எத்தனை நாளைக்கு ஒருமுறை, ரப்பரை மாற்றிவிட்டாயா. நான் இருக்கும் வாட்சாப் குழுவில் ஏழு பேர். கடைசியாக யார் எப்போது கோப்பியின் சுவையைப் பற்றி எழுதினார்கள் என்று தேடித்தான் பார்க்க வேண்டும்.

என்னுடையது பழைய இயந்திரம். ஈப்போவில் வீடு மாறிப்போகும் ஒருவரிடம் 900 ரிங்கிட்டுக்கு வாங்கினேன். ஒற்றை பாய்லர், 58 மில்லிமீட்டர் கைப்பிடி, சமையல் மேடையில் பாதியை அடைக்கும் உடம்பு. "மாசம் தவறாம டிஸ்கேல் பண்ணிருக்கேன் ப்ரோ" என்றார் விற்றவர். பொய்யில்லை. கூடவே கொடுத்த பெட்டியில் சுண்ணாம்புப் படிவு நீக்கும் அமிலப் பொட்டலங்கள் பாதிக்கு மேல் காலியாகியிருந்தன. பினாங்குக்குக் கொண்டுவந்து கவிழ்த்துப்போட்டு, தண்ணீர் இறங்கும் தலைப்பகுதியின் நடுத் திருகாணியைக் கழற்றப் பார்த்தேன். அசையவில்லை. இயந்திரத்தைச் சூடாக்கி, துணியைச் சுற்றிப் பிடித்து, மூன்றாவது முயற்சியில்தான் நகர்ந்தது. சல்லடைத் தட்டு கீழே விழவில்லை, ஒட்டிக்கொண்டிருந்தது. நெம்பி எடுத்தபோது பின்பக்கம் முழுக்கக் கறுப்புப் பிசின். ரோட்டோரக் கடையில் பல நாள் மாற்றாத பொரித்த எண்ணெய்யும் சிகரெட் சாம்பலும் கலந்த வாடை. அந்தத் திருகாணியை யாரும் ஒருநாளும் தொட்டதில்லை.

கோப்பிக்கொட்டையில் எண்ணெய் இருக்கிறது. ஒன்பது பார் அழுத்தத்தில் சூடான தண்ணீர் தூளின் வழியாகப் போகும்போது அந்த எண்ணெய்யும் நுண்ணிய தூளும் சேர்ந்துதான் வெளியே வருகின்றன. கோப்பிக்கு மேலே நிற்கும் பழுப்பு நுரையின் வழவழப்பில் அதற்கும் பங்கு உண்டு. கோப்பையில் விழுந்தது போக மிச்சம் உலோகத்தில் ஒட்டும், காய்ந்துபோகும், சிக்கெடுக்கும். மறுநாள் கோப்பி அதன் மேல்தான் இறங்கும். விலை உயர்ந்த எத்தியோப்பியக் கொட்டையை வாங்கிவிட்டு "என்னமோ கசக்குதே" என்பவர்கள் பெரும்பாலும் நேற்றைய, போன மாதத்து கோப்பியைத்தான் குடித்துக்கொண்டிருக்கிறார்கள்.

அப்பா 31 வருடம் செம்பனை மில்லில் பாய்லர் மேன். இரண்டாம் கிரேடு ஸ்டீம் இன்ஜின் டிரைவர் சான்றிதழ் வைத்திருப்பவர். நான் நிபோங் திபாலில் இயந்திரப் பொறியியல் படித்தவன். பாய்லர் எனக்கு ஒரு பாடத்தில் இரண்டு அத்தியாயம். அழுத்தம், வெப்பம், என்ட்ரோபி எல்லாம் வரைபடமாகத் தெரியும். அவருக்கு அது எட்டு மணி நேர ஷிப்டு. வீட்டில் நாங்கள் இதைப் பற்றிப் பேசியதே கிடையாது. "படிப்பு எப்படிப் போவுது?" "போவுதுப்பா." அவ்வளவுதான்.

அவர் பினாங்குக்கு வந்திருந்தபோது இயந்திரத்தின் மேல்மூடியைத் திறந்துவைத்திருந்தேன். பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து எட்டிப் பார்த்தார்.

"இது பாய்லருதான?"

"ஆமாப்பா, சின்னது."

"எத்தன பாரு?"

"ஆவிக்கு ரெண்டு மூணு வரும். கோப்பிக்கு பம்பு ஒன்பது குடுக்கும்."

"சேப்டி வால்வு எங்க?"

காட்டினேன். விரலால் தொட்டுப் பார்த்துக்கொண்டார். அடுத்து, "தண்ணி டெஸ்ட் பண்ணியா?"

வடிகட்டி வைத்த குழாய்த் தண்ணீர் என்றேன். டெஸ்ட் கிட் எதுவும் இல்லை. இணையத்தில் பார்த்த எல்லாக் காணொளியிலும் மாதம் ஒருமுறை அமிலம் ஊற்றச் சொல்கிறார்கள், நாளைக்குச் செய்யலாம் என்றிருக்கிறேன் என்றேன். அவர் அடுப்பங்கரையைச் சுற்றிப் பார்த்தார்.

"கெட்டில எடு. அடியக் காட்டு."

நான்கு வருடமாக நாள்தோறும் தண்ணீர் கொதிக்கும் கெட்டில். அடி பளபளவென்று இருந்தது. வெள்ளையாக ஒரு புள்ளி இல்லை.

"அப்புறம் என்னத்துக்குத் தம்பி ஆசிட்டு?"

சுண்ணாம்புப் படிவு என்பது தண்ணீரில் கரைந்திருக்கும் கால்சியம் சூடு பட்டதும் கார்பனேட்டாகி உலோகத்தில் உட்கார்வது. லண்டன் போன்ற ஊர்களில் குழாய்த் தண்ணீர் கடினமானது. கெட்டில் அடியில் வெள்ளைச் செதில் உரியும். அங்கே இருப்பவர் மாதம் ஒருமுறை அமிலம் ஊற்றச் சொல்வதில் நியாயம் இருக்கிறது. நமக்குப் பெரும்பாலும் வருவது ஆற்றுத் தண்ணீர், மழைத் தண்ணீர். பெர்லிஸ் மாதிரி சுண்ணாம்புப் பாறை உள்ள இடங்களை விட்டுவிட்டால் இங்கே தண்ணீர் மென்மையானது. படிவே இல்லாத பாய்லரில் அமிலத்தை ஊற்றினால் அது வேறு எதையாவது தின்னத்தானே செய்யும், அலுமினியத்தையோ பித்தளையையோ. இயந்திரத்தை எனக்கு விற்றவர் இல்லாத நோய்க்கு மாதம் தவறாமல் மருந்து கொடுத்திருக்கிறார். இருந்த நோயை ஒரு திருகாணிக்குப் பின்னால் வளரவிட்டிருக்கிறார். (இறக்குமதியான நோய்களுக்கு மருந்து சாப்பிடுகிறவர்கள் நம் இலக்கியக் கூட்டங்களிலும் உண்டு. அதை வேறு இடத்தில் பேசிக்கொள்ளலாம்.)

அப்பா "பாய்லருதான?" என்று கேட்டது வரலாற்றுப்படியும் சரி. 1884-இல் தூரின் நகரத்தில் ஆஞ்செலோ மோரியோண்டோ காப்புரிமை வாங்கியதும், 1901-இல் மிலானில் லூயிஜி பெஸ்ஸேரா வாங்கியதும் நீராவி இயந்திரங்களுக்குத்தான். பாய்லரை மேடை மேல் நிறுத்தி, அதன் ஆவி அழுத்தத்தாலேயே தண்ணீரைத் தூளுக்குள் தள்ளினார்கள். அழுத்தம் ஒன்றரை பாருக்குப் பக்கம்தான் வரும். அதை ஏற்றப் பார்த்தால் சூடும் ஏறி கோப்பி கருகும். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அக்கிலே காஜ்ஜியா நெம்புகோலை வைத்து அழுத்தத்தை ஆவியிலிருந்து பிரித்தார். 1961-இல் ஃபாயெமா இ61 வந்தபோது அந்த வேலையை மின்பம்பு எடுத்துக்கொண்டது. அந்த வருடம் நிகழ்ந்த சூரிய கிரகணத்தை வைத்துத்தான் இ61 என்று பெயர். இதையெல்லாம் நான் சொன்னபோது அப்பா கேட்டுக்கொண்டார் என்று சொல்ல முடியாது. அவர் சல்லடைத் தட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

தேய்ப்பதற்கு ஒரு வெள்ளைத் தூள் விற்கிறார்கள். அமிலம் அல்ல, காரம். அப்பாவுக்கு இதை விளக்க வேண்டியிருக்கவில்லை. புதுப் பாய்லர் வந்தால் முதலில் காஸ்டிக் சோடா போட்டுக் கொதிக்கவைப்பார்களாம், உள்ளே தொழிற்சாலையில் பூசிய எண்ணெய் போவதற்கு. எண்ணெய்யும் காரமும் சேர்ந்தால் சவர்க்காரம். கல்லுக்கு ஆசிட்டு, எண்ணெய்க்குக் காஸ்டிக்கு, மாத்திப் போட்டா ஒண்ணும் நடக்காது என்றார். வெந்நீரில் தூளைக் கரைத்துத் தட்டைப் போட்டதும் தண்ணீர் கிச்சாப்பு நிறமானது. மூன்று முறை மாற்றினோம்.

தலைப்பகுதிக்குள் கை போகாது. அதற்கு ஓட்டையில்லாத கூடையைக் கைப்பிடியில் மாட்டி, அரைத் தேக்கரண்டித் தூள் போட்டு பம்பை ஓட்ட வேண்டும். வெளியேற வழியில்லாமல் அழுத்தம் ஏறும். பத்து வினாடியில் நிறுத்தினால் மூன்று வழி வால்வு திறந்து, அடைபட்ட நுரைத்தண்ணீர் பின்பக்கமாக ஓடிக் கீழே இருக்கும் தட்டில் கொட்டும். ஒவ்வொரு முறை கோப்பி போட்டு நிறுத்தும்போதும் அதே வால்வு வழியாகத்தான் கொஞ்சம் கோப்பி மேலே போகிறது. அழுக்கு சேரும் இடமும் அதுதான். இதை ஐந்தாறு தடவை செய்து, பிறகு வெறும் தண்ணீரில் அதே அளவு. நான் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை செய்கிறேன். கடை நடத்துகிறவர்கள் தினம் செய்ய வேண்டும். செய்கிறார்களா என்பது முதல் மிடறிலேயே தெரிந்துவிடும்.

பால் நுரைக்கும் குழாயைத் திறந்து காட்டியபோது அப்பா என் கையைப் பிடித்து இழுத்தார். குழாய் முனைக்கும் வெள்ளைப் புகைக்கும் நடுவே ஒரு சின்ன இடைவெளி, ஒன்றுமே இல்லாதது போல இருக்கும். "அங்கதான் இருக்கு ஆவி. வெள்ளையாத் தெரியறது தண்ணி." அவருடைய வலது முன்கையில் உள்ளங்கை அளவுக்கு ஒரு வழவழப்பான தழும்பு உண்டு. சின்ன வயதில் அதைத் தடவிப்பார்த்துக்கொண்டே தூங்குவேன். லெவல் கண்ணாடி உடைந்தது என்று மட்டும் தெரியும். அதற்குமேல் அன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. பதிலாக, நுரைத்து முடித்து ஆவியை நிறுத்தியதும் முனையைப் பாலிலிருந்து உடனே எடுத்துவிட வேண்டும் என்றார். உள்ளே மிச்சமிருக்கும் ஆவி குளிர்ந்து சுருங்கினால் பாலை மேலே உறிஞ்சுமாம். மில்லில் பாய்லரை ஆறப்போடும்போது அழுத்தம் இறங்கியதும் காற்று வால்வைத் திறந்துவிடுவது அதற்குத்தான். அவர் வாழ்க்கையில் கப்புச்சினோ குடித்ததில்லை.

எந்தக் காணொளியும் சொல்லாத ஒன்று: கரப்பான்பூச்சி. இயந்திரத்தின் மேல்மூடிக்குக் கீழே இருட்டு, இளஞ்சூடு, ஈரம். நம் ஊரில் அதைவிட நல்ல பிரசவ அறை கிடையாது. பின்பக்க ஒயருக்கு அருகில் இரண்டு முட்டைக்கூடுகளைக் கண்டெடுத்தேன். மாதம் ஒருமுறை பிளக்கைப் பிடுங்கிவிட்டு மூடியைத் திறந்து பார்ப்பது என் அட்டவணையில் இப்போது முதலிடத்தில் இருக்கிறது.

கிளம்புவதற்கு முதல் நாள் அப்பா பம்பின் சத்தத்தைக் கேட்க வேண்டும் என்றார். எனக்கு அது எப்போதும் போலத்தான் உறுமியது. அவர் நீளமான ஸ்குரூடிரைவரை எடுத்து, நுனியை உடம்புத் தகட்டில் ஊன்றி, பிடியைக் காதுக்குப் பின்னால் எலும்பில் அழுத்திக்கொண்டு கண்ணை மூடினார். இடம் மாற்றினார். மறுபடி கேட்டார். "பம்பு நல்லாருக்கு. கீழ ஒரு ரப்பர் காலு கெட்டியாயிடுச்சு." சரியாகத்தான் சொன்னார், பின்பக்க இடது கால்.

எலும்பு வழியாகக் கேட்டதற்குக் காரணம் இருக்கிறது. அப்பாவுக்குக் காது சரியில்லை. தாழ்ந்த உறுமல்கள் பரவாயில்லை. அம்மா அடுப்படியிலிருந்து கூப்பிட்டால், பேத்தி ரகசியம் சொன்னால் கேட்பதில்லை. இரைச்சலில் போகும் காது அப்படித்தான் போகும், உயர்ந்த ஒலிகள் முதலில். அவர் இருந்த காலத்தில் மில்லின் பாய்லருக்கு 15 மாதத்துக்கு ஒருமுறை தகுதிச் சான்றிதழ் புதுப்பிக்க வேண்டும். அணைத்து, ஆறவைத்து, கதவைத் திறந்து, ஆள் உள்ளே இறங்கி டியூப் டியூப்பாகத் தேய்த்து வைப்பார்கள். இன்ஸ்பெக்டர் விளக்கைப் பிடித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுவார். அந்தத் தாள் கண்ணாடி போட்டுச் சுவரில் தொங்கும். இரைச்சலில் வேலை செய்கிறவர்களின் காதையும் சோதிக்க வேண்டும் என்று 1989-இலிருந்தே சட்டவிதி இருந்தது. 31 வருடத்தில் யாரும் தன் காதைச் சோதித்ததாக அப்பாவுக்கு நினைவில்லை. கடைசிச் சில வருடங்களில் ஒரு டப்பா நிறைய காதடைப்பான் கொடுத்தார்களாம். நான் பாயான் லெப்பாஸ் ஃபேக்டரியில் வருடம் ஒருமுறை ஒலி புகாத சின்ன அறைக்குள் உட்கார்ந்து, பீப் சத்தம் கேட்கும்போதெல்லாம் பட்டனை அழுத்துகிறேன். என் வரைபடம் நேர்க்கோடாக வரும்.

"சொக்சோல கேட்டுப் பாக்கலாம்ப்பா. இதுவும் தொழில் நோய்தான்."

"வயசாச்சு, கேக்கல. அதுக்கு என்ன பாரம் எழுதறது."

அடுத்த மாதம் 9-ஆம் தேதி, காலை பத்து மணிக்கு ஒரு மருத்துவமனையில் காதுப் பரிசோதனைக்கு நாள் வாங்கியிருக்கிறேன். அவரிடம் இன்னும் சொல்லவில்லை. தலைப்பகுதியின் ரப்பர் வளையம் இறுகிவிட்டது. கைப்பிடி முன்னைவிட வலப்பக்கம் அதிகமாகத் திரும்புகிறது. புது வளையம் தபாலில் வந்துவிட்டது. அதை மாட்ட ஆள் வேண்டும் என்று சொல்லித்தான் கூப்பிட வேண்டும்.