ஆச்சி வீடு



உங்கள் வீட்டிலும் ஒரு டேப்லெட் இருக்கக்கூடும். பிள்ளைகளின் படிப்புக்கென்று வாங்கியிருப்பீர்கள். அல்லது எங்கள் வீட்டைப்போல் சபைக் காரியங்களுக்கென்று வாங்கியிருப்பீர்கள். எதற்கென்று வாங்கினாலும் சில மாதங்களுக்குள் அது பிள்ளைகளின் கைக்குப் போய்ச் சேர்ந்துவிடுகிறது. அதில் விளையாடுவது போதாதென்று, விளையாடுவதையே வீடியோவாகப் பதிவு செய்து, வேண்டாததை வெட்டி, தங்கள் குரலில் விளக்கமும் சேர்த்து வைக்கிறார்கள். ஒருவன் விளையாடுவதை இன்னொருவன் எதற்காக உட்கார்ந்து பார்க்க வேண்டும் என்று நான் பலமுறை கேட்டதுண்டு. அப்போதெல்லாம், நான் கிரிக்கெட் பார்க்கும் மணிக்கணக்கை என் மனைவி நினைவூட்டுவாள். இந்த விஷயத்தில் நான் செய்த ஒரு காரியத்தை மறைக்காமல் உங்களுக்கு எழுதுகிறேன்.

நான் பிறந்து வளர்ந்தது போனக்காடு. திருவனந்தபுரம் மாவட்டத்தில் நெடுமங்காடு, விதுரா வழியாக மலையேறி வரும் பேருந்து கடைசியாக நிற்கும் இடம் அது. அகத்தியகூட மலைக்குச் செல்கிறவர்கள் அங்கிருந்துதான் காட்டுக்குள் நடக்கத் தொடங்குகிறார்கள். வெள்ளைக்காரர் காலத்தில் உண்டான தேயிலைத் தோட்டம். திருநெல்வேலிச் சீமையிலிருந்து கொழுந்து பறிக்க வந்த குடும்பங்களில் எங்கள் குடும்பமும் ஒன்று. ஒரே கூரையின் கீழ் வரிசையாக அமைந்த லயத்தில், ஓர் அறையும் ஒரு திண்ணையும் ஒரு சமையற்கட்டும் எங்கள் வீடு. நான் வேதாகமக் கல்லூரிக்குப் புறப்பட்டபோது தோட்டம் நன்றாகவே நடந்துகொண்டிருந்தது. 2010-களின் நடுவில் தொழிற்சாலை நின்றுபோயிற்று. கூலிப் பாக்கி கிடைக்காமல் பலர் சமவெளிக்கு இறங்கினார்கள். லயங்களின் கூரைகள் ஒவ்வொன்றாகச் சரியத் தொடங்கின. என் தாயாரைச் சென்னைக்கு வந்துவிடும்படி எத்தனையோ முறை அழைத்தேன். "இங்கன எனக்கு என்ன குறை?" என்பதே அவர்களுடைய பதில்.

இன்று போனக்காடு என்ற பெயரை யூடியூபில் தேடினால், பாழடைந்த ஒரு பழைய பங்களாதான் முதலில் வரும். அதில் பேய் உலாவுகிறது என்று யாரோ கிளப்பிவிட, கைப்பேசியும் டார்ச் விளக்குமாக இளைஞர்கள் வந்து வீடியோ எடுத்துப் போகிறார்கள். அவ்வளவு தூரம் வந்தவர்கள், சற்றுத் தள்ளி ஒழுகும் லயங்களில் குடியிருந்த உயிருள்ள மனிதர்களிடம் நான்கு வார்த்தை பேசிப் பதிவு செய்திருக்கலாம் என்று எனக்கு வருத்தம் உண்டு. ஆனால் அந்த வருத்தத்தைச் சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை என்பது பின்னர்தான் தெரிந்தது.

2019 மே மாத விடுமுறையில் என் இளைய மகனை மூன்று வாரம் ஆச்சியிடம் விட்டுவந்தேன். அப்போது அவனுக்கு வயது பதின்மூன்று. அங்கே சிக்னல் கிடைப்பது அரிது. ஆகவே பிள்ளை கேம்ஸை மறந்து காடு மேடு சுற்றுவான் என்று நினைத்தேன். டேப்லெட்டைப் பைக்குள் வைத்துக் கொடுத்தவள் அவன் தாய்.

ஜூன் மாதம் எங்கள் சபையில் மூன்று நாள் கன்வென்ஷன். கூட்டங்களை டேப்லெட்டிலேயே பதிவு செய்வது வழக்கம். முதல் நாள் மாலை அதை எடுத்தால், இடம் இல்லை என்று அறிவிப்பு வருகிறது. அது 16 ஜிபி கொள்ளளவு கொண்டது. அதில் ஏறக்குறைய பாதியை அதன் சொந்த மென்பொருளே எடுத்துக்கொள்ளும். மீதியை எது நிரப்பியது என்று பார்த்தேன். திரைப் பதிவுகள் என்ற கோப்புறைக்குள் வரிசை வரிசையாக விளையாட்டு வீடியோக்கள். திரையில் நடப்பதைத் தெளிவான தரத்தில் பதிவு செய்தால் ஒரு நிமிடத்துக்குச் சுமார் 60 எம்பி ஆகிவிடும். ஒரு மணி நேரத்துக்கு மூன்றரை ஜிபிக்கும் மேல். ஒன்றைத் திறந்து பார்த்தேன். சதுரம் சதுரமான கட்டிகளால் ஆன ஏதோ ஒரு உலகத்தில் யாரோ சுவர் எழுப்பிக்கொண்டிருந்தார்கள். ஐந்து விநாடி பார்த்திருப்பேனா என்பதே சந்தேகம். ஒலியைக் கூட்டிக் கேட்கவில்லை.

அந்த மார்ச் மாதத்தில்தான் குஜராத்தின் ராஜ்கோட் நகரில் பப்ஜி ஆடியதற்காக இளைஞர்களைக் காவலர்கள் கைது செய்த செய்தி வந்திருந்தது. அதை வைத்து நான் வாலிபர் கூட்டத்தில் கடுமையாகப் பேசியும் இருந்தேன். என் வீட்டிலேயே இப்படியா என்ற கோபம் ஒருபுறம்; கூட்டத்துக்கு நேரமாகிறதே என்ற பதற்றம் மறுபுறம். அத்தனையையும் தெரிவு செய்து ஒரே அழுத்தில் அழித்தேன். பிறகு மகனை அழைத்து, அழித்ததையும் சொன்னேன். அவன் சற்று நேரம் டேப்லெட்டையே பார்த்திருந்துவிட்டு, "சரிப்பா" என்றான். அவ்வளவுதான். கீழ்ப்படிதலுள்ள பிள்ளை என்று மனதுக்குள் மெச்சிக்கொண்டேன்.

அக்டோபரில், மழைக்காலத்தில், என் தாயார் நித்திரையடைந்தார்கள்.

2020 மார்ச் 25 முதல் ஊரடங்கு. ஆலயக் கதவு மூடப்பட்டது. பிரசங்கத்தை வீட்டிலிருந்து பதிவு செய்து விசுவாசிகளுக்கு அனுப்ப வேண்டிய நிலை. நான் பதிவு செய்த முதல் வீடியோவில் குக்கர் விசில் மூன்று முறை கேட்டது. மகன் டேப்லெட்டை வாங்கிக்கொண்டு, "நான் பார்க்கிறேன்பா" என்றான். தென் கொரியாவில் உருவான கைன்மாஸ்டர் என்ற செயலி அதில் இருந்தது. இலவசமாகப் பயன்படுத்தினால் திரையின் மூலையில் அதன் பெயர் நிற்கும். மற்றபடி வேலைக்குக் குறைவில்லை. படம் ஒரு நீண்ட பட்டையாகத் திரையின் அடியில் ஓடும். வேண்டாத இடத்தின் இருபுறமும் விரலால் வெட்டி, நடுத்துண்டை நீக்கி, மீதியை ஒட்ட வேண்டும். ஒலி தனிப் பட்டை. பேச்சு வரும் இடத்தில் இசையைத் தாழ்த்தி, பேச்சு முடிந்ததும் உயர்த்த வேண்டும். நான் வியந்துபோனேன். "ஒரே கருத்தை மூன்று தரம் சொல்றீங்கப்பா, ரெண்டை எடுத்திடவா?" என்று அவன் கேட்டபோது எனக்குச் சற்றுக் கோபம் வந்தது உண்மை. ஆனால் ஐம்பத்திரண்டு நிமிடப் பிரசங்கம் முப்பத்து நான்கு நிமிடமாகச் சுருங்கியபோது, எதுவும் குறைந்ததாக யாரும் சொல்லவில்லை.

"இதையெல்லாம் எங்கே படித்தாய்?" என்று கேட்டேன். அவன் பதில் சொல்லாமல் செயலியின் முதல் பக்கத்தைக் காட்டினான். பிரசங்கங்களுக்குக் கீழே பழைய வேலை ஒன்று கிடந்தது. அதன் பெயர் "ஆச்சி வீடு".

திறந்தான். பட்டையில் படம் எதுவும் இல்லை. இவ்வகைச் செயலிகள் மூல வீடியோவைத் தமக்குள் வைத்துக்கொள்வதில்லை. எந்தக் கோப்பில் எந்த விநாடி முதல் எந்த விநாடி வரை என்ற குறிப்பை மட்டுமே வைத்திருக்கும். மூலத்தை அழித்துவிட்டால் வெட்டிய அடையாளங்கள் நிற்கும், உள்ளே ஒன்றும் இராது. அப்படி நாற்பதுக்கும் மேற்பட்ட வெற்றுத் துண்டுகள். அவற்றின்மேல் அவன் தட்டச்சு செய்திருந்த தலைப்புகள் மட்டும் அப்படியே இருந்தன. ஆச்சி - குழாய். ஆச்சி - மஸ்டர் கொட்டகை. ஆச்சி - சங்கு ஊதுற நேரம். ஆச்சி - அட்டை கடிச்சது. ஆச்சி - தாத்தா வந்த கதை. ஆச்சி - அப்பா பிறந்த ராத்திரி.

வாசகரே, நான் பிறந்த இரவைப்பற்றி என் தாயார் என்னிடம் சொன்னதில்லை. நான் கேட்டதுமில்லை.

அந்த மூன்று வாரத்தில் நடந்தது இதுதான். அவன் விளையாடியது பப்ஜி அல்ல, மைன்கிராஃப்ட். சுவீடன் நாட்டில் உருவாகி 2011-இல் முழுமையாக வெளிவந்தது. 2014-இல் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் அதை வாங்கியது. அதில் ஒரு கட்டி என்பது ஒரு மீட்டர் கணக்கு. எதிரிகளோ சாவோ இல்லாமல் கட்டிக்கொண்டே போகவும் அதில் வழி உண்டு. ஐக்கிய நாடுகளின் குடியிருப்புத் திட்ட அமைப்பே 2012 முதல் அந்த விளையாட்டைக் கொண்டு, நைரோபி போன்ற நகரங்களின் ஏழை மக்களைத் தங்கள் பொது இடம் எப்படி இருக்க வேண்டும் என்று கட்டிக் காட்டச் சொல்லியிருக்கிறது. என் மகன் அதிலே போனக்காட்டைக் கட்டினான். சரிந்து கிடக்கும் இன்றைய போனக்காட்டை அல்ல; ஆச்சியின் நினைவில் இருந்ததை. திண்ணையில் அருகே உட்காரவைத்து, "இதுக்குப் பக்கத்துல என்ன இருந்தது ஆச்சி?" என்று கேட்டுக் கேட்டுக் கட்டியிருக்கிறான்.

குரல் எப்படிப் பதிவானது என்றும் விளக்கினான். அக்காலத்து ஆண்ட்ராய்டு டேப்லெட்டுகளில் திரையைப் பதிவு செய்யும் செயலிகளால் விளையாட்டின் ஒலியை உள்ளிருந்து நேரடியாக எடுக்க இயலாது. 2019-இல் வந்த பத்தாம் பதிப்பிலிருந்துதான் அதற்கு அனுமதி. அதுவரை ஒலிவாங்கி வழியாகத்தான் பதிவாகும். ஆகவே விளையாட்டுச் சத்தத்தோடு திண்ணையின் சத்தம் முழுவதும் அதில் சேர்ந்துவிடும். மழை, கோழி, என் தாயாரின் இருமல், பேச்சு, எல்லாம். அதை ஒரு குறையாகத்தான் எல்லாரும் சொல்வார்கள்.

"அன்றைக்கே ஏன் சொல்லவில்லை?" என்று கேட்டேன்.

"நீங்க கேக்கலியேப்பா. அப்ப ஆச்சி உயிரோட இருந்தாங்க. டிசம்பர் லீவுல திரும்ப எடுத்துக்கலாம்னு நினைச்சேன்."

மீட்க வழியுண்டா என்று ஊரடங்கு தளர்ந்ததும் விசாரித்தேன். அழித்த கோப்பின் இடம் உடனே வெறுமையாகிவிடுவதில்லை, புதிதாக ஏதாவது அதன்மேல் பதிவாகும்வரை சிறிது நம்பிக்கை இருக்கும் என்றார் கடைக்காரர். "அழிச்ச பிறகு அதில என்ன ரெக்கார்டு பண்ணினீங்க பாஸ்டர்?" மூன்று நாள் கன்வென்ஷன் என்றேன். அவர் டேப்லெட்டைத் திருப்பித் தந்துவிட்டார். மூன்று இரவிலும் பிரசங்கித்தவன் நான்தான்.

இதனால் பிள்ளைகளின் கேம்ஸ் எல்லாவற்றுக்கும் நான் ஆதரவாளனாகிவிட்டேன் என்று எண்ணாதிருங்கள். 2020 செப்டம்பரில் பப்ஜி தடை செய்யப்பட்டபோது நான் வருந்தவில்லை. அவ்விளையாட்டை ஆபாசப் பேச்சோடு நேரலை செய்ததாகக் குற்றஞ்சாட்டப்பட்ட ஒருவர் 2021 ஜூனில் தருமபுரியில் கைதானபோது, அவரைப் பின்தொடர்ந்தவர்களில் பெரும்பகுதி சிறுவர்கள் என்று வாசித்து நடுங்கினேன். யூடியூபில் பணம் கிடைக்கும் என்று படிப்பை விடத் துணியும் வாலிபர்களிடம், குறிப்பிட்ட அளவு சந்தாதாரரும் பார்வையும் சேர்ந்தால்தான் விளம்பர வருமானத்துக்கு விண்ணப்பிக்கவே முடியும் என்பதை இன்றும் எடுத்துச் சொல்கிறேன். ஆனால் இப்போது என்னிடம் யாராவது, "பாஸ்டர், பையன் டேப்லெட்டில் ஏதோ வீடியோ பண்ணிக்கொண்டே இருக்கிறான்" என்று முறையிட்டால், "என்ன வீடியோ?" என்று கேட்கிறேன். பலருக்குத் தெரிவதில்லை.

முழுவதும் போய்விடவில்லை. கட்டிய உலகம் வேறொரு கோப்புறையில் இருந்ததால் என் கைக்குத் தப்பியது. விடுமுறை முடிந்து திரும்பும் வழியில், நெடுமங்காட்டிலுள்ள என் தங்கை மகனுக்கு ஒரு சிறிய மாதிரித் துண்டை வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தான். நாற்பது விநாடி. அதில் பதினொரு விநாடி மட்டும் என் தாயாரின் குரல் கேட்கிறது. மகன் அப்போது எடிட்டிங்கில் புதியவன். இருமல் தெரியாதிருக்க ஆச்சியின் குரலைத் தாழ்த்தி, மேலே ஒரு துள்ளல் இசையை ஓடவிட்டிருக்கிறான். இரண்டும் ஒன்றாகக் கலந்து வெளிவந்த பிறகு அந்த இசையை மட்டும் தனியே தாழ்த்த இயலவில்லை. அந்தத் துள்ளலுக்கு அடியிலிருந்து, "அந்தப் பக்கம் இல்லலே மக்கா, குழாய் இந்தப் பக்கம். தண்ணிக்கு நின்னா உங்கப்பனத் திண்ணையிலயே பாத்துக்கிடலாம்" என்கிறார்கள். திரையில் குழாய் இடம் மாறுகிறது.

2023 மே மாதம் குடும்பமாகப் போனக்காடு சென்றோம். எங்கள் லயத்தின் கூரை முழுவதும் இறங்கிவிட்டது. திண்ணை இருந்த இடத்தில் மகன் நின்றுகொண்டு, குழாய் இருந்த பக்கத்தைக் காட்டினான். புதருக்குள் சிமெண்டு மேடை தென்பட்டது. காலடி வைத்து அளந்தோம். அவன் உலகத்தில் ஏழு கட்டி. இங்கே என் காலடிக்கு ஒன்பது. வீடு திரும்பியதும் அவன் அதைத் திருத்தவில்லை. ஆச்சி ஏழு என்றுதான் சொன்னார்களாம்.

இப்போது ஞாயிறு மாலைகளில் அவன் என்னை அருகே உட்காரவைத்து மீதியைக் கட்டுகிறான். ஒலிவாங்கி திறந்தே இருக்கிறது. தொழிற்சாலைக்குப் போகும் படிகள் எத்தனை என்று போன வாரம் கேட்டான். எனக்குத் தெரியவில்லை. நெடுமங்காட்டிலுள்ள தங்கையிடம் கேட்டுச் சொல்வதாகக் கூறியிருக்கிறேன்.