துரியோதனன் கிரீடம்

போன மாதம் எங்கள் வகுப்பில் ஆசிரியர் வராத ஒரு மணி நேரம். ஆளுக்கொரு மாய உலகம் கற்பனை செய்து, அதில் ஒரு மந்திரத் தொழிலும் சொல்ல வேண்டும் என்று பந்தயம். ஒருவன் வாளுக்கு உயிர் கொடுக்கும் கொல்லனைச் சொன்னான். ஒருத்தி நிழலை நெய்து சேலையாக்கும் நெசவாளியைச் சொன்னாள் (அவள் ஊர் ஆரணி, வேறெதைச் சொல்வாள்?). நான் ஒரு கிரீடம் செய்கிறவரைச் சொன்னேன். அவர் செய்த கிரீடத்தை யார் தலையில் வைத்தாலும் அவன் ராஜா. ஆனால் விடியும்வரைதான். ஒரே கைதட்டல்.

சாயங்காலம் வேங்கிக்கால் ஏரிப் பக்கம் நடந்து வரும்போதுதான் உறைத்தது. அடப்பாவி, நான் எதையும் கற்பனை செய்யவில்லை. அது எங்க தாத்தா!

அம்மாவின் அப்பா. செய்யாறு பக்கம் கிராமம். தெருக்கூத்துக்குக் 'கட்டை' செதுக்குவதுதான் அவர் வேலை. கூத்து பார்க்காதவர்களுக்காக: ராஜா வேஷக்காரர்கள் போடும் கிரீடம், புஜக்கட்டை, மார்புப் பதக்கம் எல்லாம் மரம். அதனால்தான் அதற்குக் கட்டை வேஷம் என்றே பெயர். வேலியோரம் முள்ளோடு நிற்குமே கல்யாண முருங்கை, அந்த மரம்தான். விறகுக்குக்கூட லாயக்கில்லை என்பார்கள். ஆனால் காய்ந்தால் அவ்வளவு லேசு. ராத்திரி முழுக்கத் தலையில் சுமந்துகொண்டு சுழன்று ஆட வேண்டுமே!

ஒன்பது வயதில் யாரும் இல்லாத நேரம் துரியோதனன் கிரீடத்தை எடுத்து மாட்டிக்கொண்டேன். நேராகத் தோளில் வந்து உட்கார்ந்துவிட்டது. உள்ளே வார்னிஷ் வாசனை. கனமாக இருக்கும் என்று நினைத்தவனுக்குப் பெரிய ஏமாற்றம். பக்கத்தில் பார்த்தால் வெறும் மரம், ஜிகினாக் காகிதம், கண்ணாடித் துண்டுகள். அதுவும் சலூன்காரர் தூக்கிப் போட்ட கண்ணாடி, ஃபெவிகால் போட்டு ஒட்டினது. ஆயா பார்த்துவிட்டு முதுகில் ஒன்று வைத்தாள். "வேஷக்காரனே தொட்டுக் கும்புட்டுத்தான்டா தலையில வெப்பான்!"

அன்று ராத்திரி திரௌபதி அம்மன் கோயில் திடலில் கூத்து. இரண்டு பேர் திரை பிடித்தார்கள். திரைக்குக் கீழே சலங்கைக் கால், திரைக்கு மேலே கிரீடத்தின் நுனி மட்டும். மத்தளம் ஏற ஏற அந்த நுனி ஆடுகிறது. நான் மத்தியானம் பார்த்த அதே கண்ணாடித் துண்டுகள்தான், வெளிச்சத்தைத் திடல் முழுக்க வாரி இறைக்கின்றன. திரை விலகியது. சிவப்பு முகம், ஒரு ஆள் அகலத்துக்குத் தோள். எங்களுக்குப் பால் ஊற்றும் மாமா அவர். "மாமா!" என்று கத்தினேன். திரும்பிப் பார்த்தார் பாருங்கள் ஒரு பார்வை... தாத்தா மடியில் முகத்தைப் புதைத்தவன் அப்புறம் எழவில்லை.

இதில் தந்திரம் உண்டு என்று பின்னால் தாத்தாவே சொன்னார். தீவட்டிக் காலத்தில் கடைசி வரிசை ஆளுக்கும் ராஜா தெரியணும். அதுக்குத்தான் கண்ணாடி, அதுக்குத்தான் அவ்வளவு பெரிய புஜம். தந்திரம் தெரிந்த பிறகும் எனக்குப் பயம் குறையவில்லை என்பது வேறு விஷயம் :-)

புரிசை எங்கள் மாவட்டம்தான். கண்ணப்ப தம்பிரானின் ஊர். 1977-இல் சென்னையில் கூத்துப்பட்டறையைத் தொடங்கிய நா. முத்துசாமி புரிசைக் கூத்தில் மயங்கியவர். அவர் வழியாக நகரத்து நாடகக்காரர்கள் பலருக்கு அந்த ஊர் தெரிந்தது. ஆடியவர்களுக்குப் பெயர் வந்தது நியாயம். தலையில் இருந்ததைச் செதுக்கியவருக்கு? கூத்து நோட்டீஸில் மத்தளக்காரர் பெயர்கூட இருக்கும். தாத்தா பெயரை நான் ஒரு தடவையும் பார்த்ததில்லை. அவர் அதற்கெல்லாம் கவலைப்பட்டதாகவும் தெரியவில்லை. கூத்து நடக்கும்போது ஆட்டத்தைப் பார்க்காமல் எந்தக் கண்ணாடி ஆடுகிறது என்றே பார்த்துக்கொண்டிருப்பார்.

போன வருஷம் அவருக்குக் கை நடுங்க ஆரம்பித்தது. "நான் கோடு போட்டுத் தரேன், நீ உளி புடிக்கிறியாடா?" என்று கேட்டார். தாத்தா என்னிடம் எதையும் கேட்டு நான் பார்த்ததில்லை. "பரீட்சை இருக்கு தாத்தா, முடியட்டும்" என்றேன். பரீட்சை முடிந்தது. லீவு முழுக்கக் கம்ப்யூட்டரில் உட்கார்ந்து மந்திரக் கவசம் செய்யும் விளையாட்டு ஆடினேன். சத்தியமாக. மவுஸை ஒரு தட்டுத் தட்டினால் ஒரு கிரீடம்.

அப்புறம் சித்தி இங்கே வந்தபோது, பாதி செதுக்கிய ஒரு கிரீடத்தைத் துணியில் சுற்றிக் கொடுத்தனுப்பியிருந்தார். ஒரு வார்த்தைகூடச் சொல்லி அனுப்பவில்லை. பரண்மேல் போட்டுவிட்டோம்.

பந்தயம் நடந்த அன்று ராத்திரி அதை இறக்கினேன். ஒரு பக்கம் தாமரை முடிந்திருக்கிறது. மறுபக்கம் பென்சில் கோடு மட்டும், கோடும் நடுங்கியிருந்தது. துணியில் மாவு மாதிரி தூள். பூச்சி அரித்திருக்கிறது. போன் போட்டேன். ரொம்ப நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "வேப்பெண்ண தடவி வெயில்ல வெக்காத, நெழல்ல வை. ஞாயித்துக்கெழம எடுத்துக்கினு வா" என்றார்.

போளூர், ஆரணி வழியாக முதல் பஸ். நான்கு வாரமாகப் போய் வருகிறேன். முதல் வாரமே விரலில் உளி பட்டுவிட்டது. இன்னும் ஒரு இதழ்கூட உருப்படியாக வரவில்லை.