பலெர்மோவில் ஒரு பிதுக்கு பருப்பு!

ஏப்ரல் மாதம் இத்தாலியின் தென்கோடியில் இருக்கும் சிசிலித் தீவுக்குப் போனேன். தலைநகர் பலெர்மோவில் என் கல்லூரித் தோழி மேற்படிப்பு படிக்கிறாள். தங்க இடம் இலவசம். பத்து நாள் விடுமுறையும் கிடைத்தது. பீட்சா, ஜெலாட்டோ, கடற்கரை, நாலைந்து ரீல்ஸ்... இவ்வளவுதான் என் திட்டம். அவரைக்காய் உரிப்பது அதில் இல்லவே இல்லை.

தோழி குடியிருப்பது பழைய நகரத்தில், பல்லாரோ சந்தைக்குப் பக்கத்துத் தெருவில். காலை ஏழு மணிக்கே கீழிருந்து கத்தல் ஆரம்பித்துவிடும். யாரோ சண்டை போடுகிறார்கள் என்று முதல் நாள் ஜன்னலைத் திறந்து பார்த்தேன். காய்கறிக்காரர் கூவிக்கூவி விற்றுக்கொண்டிருந்தார்! இந்தக் கூவலுக்கு அந்த ஊரில் 'அபன்னியாத்தா' என்று பெயரே இருக்கிறது. நம் கோயம்பேட்டில் கேட்கும் அதே ராகம்தான், மொழிதான் வேறு.

சந்தைக்குள் நடந்தபோது, பின்னாலிருந்து தமிழ் கேட்டது. "பிள்ளை, நீங்கள் இந்தியாவோ?"

திரும்பினால் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஓர் அக்கா, கையில் சக்கரம் வைத்த சந்தைப் பை. யாழ்ப்பாணத்துக்காரர். பலெர்மோவுக்கு வந்து முப்பது வருடங்களுக்கு மேல் ஆகிறதாம். எனக்குத்தான் ஆச்சரியம், ஊர்க்காரர்களுக்கு இது சாதாரணம். 1980-களிலிருந்து இலங்கைத் தமிழர்கள் இங்கே வந்து குடியேறியிருக்கிறார்கள். நகரத்தை ஒட்டி நிற்கும் பெல்லெக்ரினோ மலையில், ஊரின் காவல் புனிதையான ரொசாலியாவின் குகைக் கோயில் இருக்கிறது. கிறிஸ்தவர், இந்து என்ற பேதமில்லாமல் தமிழர்கள் அந்த மலைக்கு நடந்தே ஏறுகிறார்கள். "எங்களுக்கு அவ அம்மன் மாதிரி" என்றார் அக்கா.

பேசிக்கொண்டே அவர் ஒரு கடையில் நின்றார். ஒரு சாண் நீளத்துக்குத் தடித்த பச்சைக் காய்கள் மலைபோலக் குவிந்திருந்தன. ஃபாவா. பெரிய அவரை என்று சொல்லலாம். மார்ச் கடைசியிலிருந்து மே வரைதான் பச்சையாகக் கிடைக்கும். அப்புறம் காய்ந்த பருப்புதான். அக்கா ஒரு காயை எடுத்து முறித்தார். பட்டென்று சத்தம் வந்தால் இளசு. உள்ளே வெள்ளைப் பஞ்சு மெத்தை, அதில் வரிசையாக ஐந்தாறு விதைகள். இரண்டு கிலோ வாங்கினார்.

அந்தக் கடையில் காய்களுக்கு மேலே ஓர் அறிவிப்புத் தாள் ஒட்டியிருந்தது. விலைப்பட்டியல் என்று நினைத்துப் படம் எடுத்தேன். "அது விலை இல்லை. இஞ்ச பச்சை ஃபாவா விக்கினம், கவனம் எண்டு போட்டிருக்கினம்" என்றார் அக்கா. காய்கறிக்கு எதற்கு எச்சரிக்கை? கேட்டேன். "வீட்டை வாங்கோ, சொல்லுறன்."

வீடு என்றால் அவர் வீடு அல்ல, அவர் வேலை பார்க்கும் வீடு. தொண்ணூறு வயதைத் தாண்டிய ஒரு சிஞோராவை அக்கா பதினோரு வருடங்களாகப் பார்த்துக்கொள்கிறார். மூன்றாவது மாடி, லிஃப்ட் கிடையாது. பால்கனியில் ஒரு எலுமிச்சைத் தொட்டி. சிஞோரா நாற்காலியில் உட்கார்ந்தபடி என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு ஏதோ சொன்னார். "நீங்கள் நல்லா மெலிஞ்சு போனீங்களாம்" என்று அக்கா மொழிபெயர்த்தார். என்னை அப்படிச் சொன்ன முதல் மனிதர் அவர்தான். அந்த நொடியே எனக்கு அவரைப் பிடித்துவிட்டது.

"குசினிக்கு வாங்கோ" என்றார் அக்கா. யாழ்ப்பாணத்தில் சமையலறைக்குக் குசினி என்றுதான் பெயர், போர்த்துக்கீசியர் விட்டுப்போன சொல். இத்தாலியனில் குச்சீனா! ரொட்டிக்கு அங்கே பாண், இங்கே பானே. "வந்த புதுசில எனக்கு விளங்கின சொல்லு இந்த ரெண்டுதான். அதை வச்சே வேலை எடுத்தனான்" என்று சிரித்தார்.

உரிக்க உட்கார்ந்தோம். இரண்டு கிலோ காயை உரித்தால் அரை கிலோ விதைகூடத் தேறவில்லை. அதோடு முடியவில்லை. கொதிக்கும் உப்புத் தண்ணீரில் இரண்டு நிமிடம் போட்டு, உடனே குளிர்ந்த தண்ணீருக்கு மாற்றி, ஒவ்வொரு விதையையும் நகத்தால் கீறி அழுத்த வேண்டும். உள்ளே இருக்கும் பருப்பு தோலை விட்டு வழுக்கிக்கொண்டு வெளியே வந்து விழும், பளபளவென்று கிளிப்பச்சை நிறத்தில்.

அக்காவிடம் சொன்னேன்: "இது எங்கள் ஊர் பிதுக்கு பருப்பு!" நான் வேலூர்ப் பக்கம். பொங்கல் சமயத்தில் பச்சை மொச்சையை ஊறவைத்து, தோலைப் பிதுக்கி எடுத்துக் குழம்பு வைப்பார்கள். எங்கள் ஆயா மடியில் முறத்தை வைத்துக்கொண்டு டி.வி. பார்த்தபடியே இரண்டு படி பிதுக்குவார். நான் பாதியில் எழுந்து ஓடிவிடுவேன். பலெர்மோவில் அப்படி ஓட வழியில்லை, சிஞோரா பார்த்துக்கொண்டிருந்தார்.

பிதுக்கும்போதுதான் அக்கா அந்த எச்சரிக்கைத் தாளின் கதையைச் சொன்னார்.

"என்ர மகனுக்கு அப்ப அஞ்சு வயசு. ஈஸ்டருக்கு அடுத்த நாள் இஞ்ச எல்லாரும் வெளியில போய்ச் சாப்பிடுவினம். இந்தக் காயைப் பச்சையா, சீஸோட தின்னுறவை. அவனும் கை நிறையத் திண்டான். அடுத்தநாள் பார்த்தா பிள்ளை வெளிறிப் போனான். கண்ணெல்லாம் மஞ்சள். மூத்திரம் கோப்பி மாதிரி. ஆஸ்பத்திரியில ரத்தம் ஏத்தித்தான் காப்பாத்தினவை."

மகனுக்கு இருந்தது ஜி6பிடி குறைபாடு. ரத்தச் சிவப்பணுக்களைப் பாதுகாக்கும் ஒரு நொதி சிலருக்குப் பிறவியிலேயே குறைவாக இருக்கும். அவர்கள் ஃபாவா சாப்பிட்டால், அதிலிருக்கும் வைசின் போன்ற பொருள்களால் சிவப்பணுக்கள் உடைந்துபோகும். மலேரியா பரவியிருந்த பகுதிகளில் இந்தக் குறைபாடு அதிகம். மத்தியதரைக் கடல் நாடுகளில் உண்டு, இந்தியாவிலும் இலங்கையிலும் உண்டு. பெரும்பாலும் தாய் வழியாக மகனுக்கு வருகிறது. சில மருந்துகளும் இவர்களுக்கு ஆகாது. ரத்தப் பரிசோதனையில் தெரிந்துவிடும். தெரிந்துகொண்டு தவிர்த்தால் போதும், மற்றபடி இயல்பான வாழ்க்கைதான்.

"என்னட்ட இருந்துதான் அவனுக்குப் போயிருக்கு எண்டு டொக்டர் சொன்னவர்" என்றார் அக்கா. அதற்கு மேல் அதைப் பற்றி எதுவும் பேசவில்லை. நானும் கேட்கவில்லை. கொஞ்ச நேரம் பிதுக்கும் சத்தம் மட்டும்தான்.

அதிலிருந்து அவர் வீட்டுக்குள் ஃபாவா வந்ததில்லை. இங்கே சமைத்தால் கையை நன்றாகக் கழுவி, மேலாடையை இங்கேயே மாற்றிவிட்டுத்தான் போகிறார். மகனுக்கு இப்போது இருபது வயது. "எந்தக் கடைக்குப் போனாலும் முதல்ல அந்தக் கடுதாசியைத்தான் வாசிப்பான்" என்றார். அப்புறம் எதற்கு இந்த வம்பு, வேறு ஏதாவது சமைக்கலாமே என்று கேட்டேன். அக்கா தலையைச் சாய்த்து நாற்காலியைக் காட்டினார்.

சிஞோராவுக்கு வசந்தம் வந்தால் ஃப்ரித்தெத்தா வேண்டும். புது ஃபாவா, பட்டாணி, ஆர்ட்டிசோக் மூன்றையும் வெங்காயத்தோடு வதக்கும் சிசிலிக்காரர்களின் பண்டம். ஆனால் போன வருடத்திலிருந்து அவரால் மெல்ல முடியவில்லை. அதனால் அக்கா ஃபாவாவை மட்டும் எடுத்து மசித்துவிடுகிறார். ஃபாவாவை மசித்தால் அதற்கு மாக்கு என்று பெயர். மார்ச் 19, புனித சூசையப்பர் திருநாளுக்குக் காய்ந்த பருப்பில் கஞ்சிபோலச் செய்வார்கள். புது விளைச்சல் வருமுன் பழைய இருப்பைத் தீர்க்கும் வழக்கம். அக்கா செய்வது அதன் பச்சைக்காய் வடிவம். கெட்டியாக, ரொட்டியில் தொட்டுச் சாப்பிடும் பதத்தில்.

செய்முறை சுலபம். அடி கனமான சட்டியில் நாலு கரண்டி ஆலிவ் எண்ணெய். வெங்காயத்தாளின் வெள்ளைப் பகுதியைப் பொடியாக நறுக்கி, நிறம் மாறாமல் வதக்க வேண்டும். பிதுக்கிய பருப்பைப் போட்டு, அரை டம்ளர் தண்ணீர், உப்பு. எட்டு, பத்து நிமிடம் மூடி வைத்தால் தானே குழையும். இறக்கி முள்கரண்டியால் மசித்து, காட்டுப் பெருஞ்சீரகச் செடியின் இலை, நாலைந்து புதினா, பாதி எலுமிச்சைச் சாறு, துருவிய பெக்கொரினோ (செம்மறிப்பால் சீஸ்), மிளகு. மேலே இன்னொரு கரண்டி எண்ணெய். மிக்சியில் அடிக்கக் கூடாது, பசைபோல ஆகிவிடும் என்றார். நானும் அவர் சொல்வதுதான் சரி என்கிறேன், ஆங்காங்கே பருப்பு தட்டுப்பட்டால்தான் ருசி.

சிஞோரா முதல் கரண்டியை வாங்கிக் கண்ணை மூடிக்கொண்டார். பிறகு ஏதோ நீளமாகச் சொன்னார். உப்பு பத்தவில்லையாம்! பதினோரு வருடமாக இதே குறைதான், டொக்டர் உப்பைக் குறைக்கச் சொன்னது அவருக்கு ஞாபகமே இருக்காது என்றார் அக்கா. ஆனாலும் கோப்பை காலியானது.

எங்கள் பங்கை அக்கா தனியாக எடுத்து வைத்திருந்தார். அதில் ஒரு பச்சை மிளகாய், ஒரு பல் உள்ளி (பூண்டுதான்) தட்டிப் போட்டு, பாணைப் பிய்த்துக் கொடுத்தார். சிஞோராவின் மூக்கு நம்மூர் மூக்குகளை விடக் கூர்மை. மிளகாய் வாசம் வந்ததும் அங்கிருந்தே ஒரு கத்தல். இருவரும் பால்கனிக்கு ஓடிப்போய் எலுமிச்சைத் தொட்டிக்குப் பக்கத்தில் நின்று சாப்பிட்டோம். எங்கிருந்தோ ஆரஞ்சுப் பூ வாசம் வந்தது. படம் எடுக்க மறந்துவிட்டேன்.

சென்னை வந்ததும் அதைச் செய்யாமல் தூக்கம் வரவில்லை. பச்சை மொச்சைக்குப் பருவமில்லை. காய்ந்த மொச்சையை இரவு ஊறவைத்துப் பிதுக்கி, குக்கரில் குழைய வேகவிட்டேன். பெருஞ்சீரக இலைக்குப் பதில் வறுத்த சோம்புப் பொடி ஒரு சிட்டிகை, புதினா, எலுமிச்சை, நல்லெண்ணெய். சீஸ் போடவில்லை. அந்தக் கிளிப்பச்சை வரவில்லை, ருசி பக்கத்தில் வந்தது. அம்மா ஒரு விரல் தொட்டுப் பார்த்து, "மசியலுக்குத் தாளிக்க மறந்துட்டியா?" என்றார். ஆனால் மூன்று தோசைக்குத் தொட்டுக்கொண்டார்.

படத்தை அக்காவுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். இரண்டு நாள் கழித்து வாய்ஸ் மெசேஜ் வந்தது, பின்னணியில் சந்தைக் கூவல்.

"நல்லா வந்திருக்குப் பிள்ளை. இஞ்ச காய் முடியுது. கடைசி மூண்டு கிலோ வாங்கி, உரிச்சு, சிஞோராவின்ர ஃப்ரீசருக்குள்ள வச்சிட்டன். எட்டுப் பெட்டி. சிஞோரா இப்ப முந்தி மாதிரி இல்லை, நாலு கரண்டிக்கு மேல வாங்கிறா இல்லை. எட்டுப் பெட்டியும் அவவுக்குத்தான். பெட்டியில என்ர மகனைக் கொண்டு பெயர் எழுதுவிச்சனான், அவன் கையெழுத்துத்தான் வடிவு. கையில கிளவுஸ் போட்டுத்தான் எழுதினவன்."